திரைந்துபோன சூப்புக்கு ஒரு பதில்

அன்பின் தம்பி,

நீர் வைத்த பேர்கன் மீன் சூப்பின் படத்தைப் பார்த்தேன். மேலே தயிர்த் துணுக்குப் போல வெள்ளை வெள்ளையாக மிதக்கிறது, கீழே தண்ணீர் தெளிந்து நிற்கிறது, கொட் மீன் நார் நாராகப் பிரிந்து அடியில் கிடக்கிறது. சொன்னபடிதானே செய்தேன், எங்கே பிழைத்தது என்று கேட்டிருக்கிறீர். ஒரு இடத்தில் இல்லை, மூன்று இடத்தில். சால்மன் தலையை இரண்டு மணித்தியாலம் அவித்தது ஒன்று. றொம்மே என்கிற புளித்த கிரீமில் கொழுப்புக் குறைந்ததை வாங்கியது இரண்டு. அதை ஊற்றிய பிறகும் அடுப்பைக் கூட்டி வைத்தது மூன்று.

நோர்வேயின் பேர்கன் நகரத்து இந்த மீன் சூப்பில் பெரிய வித்தை ஒன்றும் இல்லை. எது முன்னுக்கு, எது பின்னுக்கு, எந்த இடத்தில் நெருப்பைக் குறைப்பது, அவ்வளவுதான். சொதி வைக்கத் தெரிந்த ஆளுக்கு இதில் பாதி ஏற்கெனவே கைவந்தது. முதற்பால் விட்டபின் சொதியைத் தளதளவென்று கொதிக்க விடுவீரா? மாட்டீர். அந்தக் கவனம் இங்கேயும் வேண்டும். புளி சேர்க்கும் இடம் மட்டும் சொதிக்கு நேர்மாறு. அதற்குப் பிறகு வருகிறேன்.

அளவெல்லாம் நான்கு பேருக்கு. நோர்வே சமையற் குறிப்புகளில் டெசிலீட்டர் கணக்குத்தான் இருக்கும்; ஒரு டெசிலீட்டர் 100 மில்லிலீட்டர். எஸ்.எஸ். என்று போட்டிருந்தால் மேசைக்கரண்டி, டி.எஸ். என்றால் தேக்கரண்டி. இதை மாற்றிப் பிடித்து உப்பை அள்ளிக் கொட்டியவர்கள் உண்டு.

முதலில் சாறு. நோர்வேக்காரர் கிராஃப்ட் என்பார்கள். சூப்பின் ருசி முழுக்க இதில்தான் இருக்கிறது. சாறு சப்பென்று இருந்தால் எவ்வளவு கிரீம் விட்டாலும் சரிவராது. வெள்ளை மீனின் முள்ளும் தலையுமாக ஒரு கிலோ வேண்டும். கொட், சை, ஹீசெ எதுவும் சரி. பழைய பேர்கன் வீடுகளில் இதற்கென்று சின்னச் சை மீனைத்தான் எடுப்பார்கள். கன்றுக்குட்டி எலும்புச் சாறு கலக்கிற வீடுகளும் உண்டு. நீர் அவ்வளவு தூரம் போகத் தேவையில்லை. மீன் வெட்டிக் கொடுக்கும் கடையில் முள்ளும் தலையும் வேண்டும் என்று முதல் நாளே சொல்லி வைத்தால் எடுத்து வைப்பார்கள். சால்மன், மக்கரல் போன்ற கொழுப்பு மீன்களின் முள் கூடாது. அந்த எண்ணெய் சாற்றில் இறங்கி மீனெண்ணெய் மணம் அடிக்கும், பிறகு எதைப் போட்டாலும் போகாது. சால்மன் சதையைக் கடைசியில் சூப்புக்குள் போடலாம், தலையை விட்டுவிடும்.

தலைக்குள் இருக்கும் செவுளைக் கத்தரித்து எறியும். முதுகு முள்ளோடு ஒட்டிய கறுத்த இரத்தக் கோட்டைப் பெருவிரலால் சுரண்டி, ஓடுகிற குளிர்ந்த தண்ணீரில் கழுவும். சாறு கசந்தால் பாதிக் காரணம் இந்த இரத்தம். பிறகு ஒன்றரை லீட்டர் குளிர்ந்த தண்ணீரில் முள்ளைப் போட்டு மெதுவாகச் சூடாக்கும். நுரை திரண்டு மேலே வரும்போது அகப்பையால் எடுத்துவிட்டு, லீக்ஸின் பச்சைப் பகுதி, ஒரு சின்ன வெங்காயம், செலரிக் கிழங்கில் ஒரு துண்டு, பார்ஸ்லித் தண்டு, பத்து வெள்ளை மிளகு, ஒரு பிரிஞ்சி இலை, ஒரு தேக்கரண்டி உப்பு போடும். அதிலிருந்து 20 நிமிடம், மிஞ்சினால் 25. ஓரத்தில் மட்டும் குமிழி வருகிற அளவு சூடு போதும். ஆட்டெலும்புக்குப் பழகிய கைக்கு இதை நம்ப மனம் வராது, தெரியும். ஆனால் மீன்முள் மெல்லியது, கொடுக்க வேண்டியதை அரை மணித்தியாலத்துக்குள் கொடுத்துவிடும். அதற்கு மேல் அவித்தால் கசப்பும் ஒரு சுண்ணாம்புச் சுவையும் ஏறும். கடுமையாகக் கொதித்தால் கலங்கலாகியும் போகும். துணியில் வடிக்கும்போது முள்ளைப் பிழிய வேண்டாம். ஒரு லீட்டருக்குக் கொஞ்சம் மேலே கிடைக்கும்.

முள் கிடைக்கவே இல்லையென்றால் கடையில் விற்கும் மீன் கிராஃப்ட் இருக்கிறது. உப்புக் கூடியது. அரை பங்குக்கு அரை பங்கு தண்ணீர் கலந்து, கடைசிவரை உப்புப் போத்தலைத் தொடாமல் இரும்.

இனி மீன் உருண்டை. கொட் துண்டு மட்டும் போட்டாலும் சூப் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் பேர்கன் சூப் என்று சொல்ல முடியாது. தகரத்தில் வரும் உருண்டையை வாங்கிப் பாதியாக வெட்டிப் போடலாம். இங்கே பலரும் வார நாட்களில் அதைத்தான் செய்கிறார்கள், குறை சொல்ல ஒன்றுமில்லை. வீட்டில் பிடிப்பதென்றால் 300 கிராம் ஹீசெச் சதை, ஒரு தேக்கரண்டி உப்பு, ஒரு மேசைக்கரண்டி உருளைக்கிழங்கு மா, ஒன்றரை டெசிலீட்டர் பால், துருவிய சாதிக்காய் ஒரு சிட்டிகை. மீன், பால், அரைக்கும் பாத்திரம் எல்லாம் குளிர்சாதனப் பெட்டியிலிருந்து நேரே வரவேண்டும்.

முதலில் மீனும் உப்பும் மட்டும். அரைத்துக்கொண்டே போனால் சதை துகளாகும், பிறகு ஒரு கட்டத்தில் பளபளத்து, கரண்டியில் ஒட்டிக்கொண்டு இழுபடும். அதுதான் பதம். உப்பு மீனின் புரதத்தை வெளியே இழுத்துப் பசையாக்கியிருக்கிறது. உருண்டையைப் பிடித்து வைத்திருக்கப்போவது அந்தப் பசைதான், மா இல்லை. இதற்குப் பிறகு மாவையும் சாதிக்காயையும் போட்டு, பாலைச் சிறிது சிறிதாக விடும். ஒரேயடியாக ஊற்றினால் கலவை நீர்த்துவிடும். அரைத்து அரைத்துச் சூடேற விட்டால் பசை உடைந்து, வெந்த உருண்டை மணல் போல வாயில் உதிரும். இடையில் பத்து நிமிடம் பெட்டிக்குள் வைத்து எடுத்தால் தப்பலாம். இரண்டு தேக்கரண்டியைத் தண்ணீரில் நனைத்து, பாக்கு அளவு உருட்டி, கொதிக்காத சூட்டில் உள்ள சாற்றில் விடும். ஐந்தாறு நிமிடத்தில் வெந்துவிடும். முதலில் ஒன்றை மட்டும் போட்டு வெட்டிப் பாரும். இறுகி ரப்பர் மாதிரி இருந்தால் இன்னும் இரண்டு கரண்டி பால், கரைந்து பிரிந்தால் இன்னும் கொஞ்சம் மா. வெந்தவற்றை எடுத்துப் புறம்பாக வையும்.

சூப்புக்குள் போடும் துண்டுகளுக்கு 400 கிராம் கொட். உறைந்த மீனென்றால் முதல் நாள் இரவே குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வைத்து உருகவிடும். சுடுதண்ணீரில் உருக்கினால் உள்ளிருக்கும் நீரெல்லாம் வெளியேறி, வேகும்போது பஞ்சாகிவிடும். இரண்டரை சென்றிமீட்டர்த் துண்டாக வெட்டி, ஒரு தேக்கரண்டி உப்புத் தூவி 15 நிமிடம் விட்டு, ஒற்றித் துடைக்கும். சதை இறுகும், உமது படத்தில் இருக்கிற மாதிரி நாராகப் பிரியாது. சதையின் தடித்த பக்கத்தில் நடுவே ஓடும் சின்ன முள் வரிசையை விரலால் தடவிப் பார்த்து, இரு பக்கமும் சரிவாக வெட்டி அந்தக் கீற்றையே எடுத்துவிடலாம். 1980களில் வட நோர்வேயின் ஃபின்மார்க் மீன் ஆலைகளில் நின்ற எங்கட ஆக்கள் யாரையாவது தெரிந்தால், இதை அவர்கள் கையில் ஒருமுறை பார்த்துக்கொள்ளும். எழுதிக் காட்ட வராது.

வளர்ப்பு மீனல்லாமல் கடலில் பிடித்த கொட் மீனில் சிலவேளை சுருண்ட சின்னப் புழு இருக்கும், வயிற்றுப் பக்கச் சதையில் கூடுதலாக. பயப்பட வேண்டாம், எடுத்து எறியும். நடுச் சதை 60 பாகையில் ஒரு நிமிடம் நின்றால் அது செத்துவிடும். மைனஸ் 20 பாகையில் 24 மணித்தியாலம் உறைந்திருந்தாலும் அப்படியே.

மரக்கறிக்கு ஒரு பெரிய கரட், நூறு கிராம் செலரிக் கிழங்கு, ஒரு பார்ஸ்லிக் கிழங்கு, லீக்ஸின் வெள்ளைப் பகுதி. பார்ஸ்லிக் கிழங்கு வெள்ளைக் கரட் போல இருக்கும். பக்கத்திலேயே வைத்திருக்கும் பார்ஸ்னிப்போடு குழம்ப வேண்டாம், அது கூட இனிப்பு. எல்லாவற்றையும் அரை சென்றிமீட்டருக்கு மேற்படாமல் வெட்டும். ஒரு கரண்டியில் உருண்டையும் கரட்டும் சாறும் சேர்ந்து வரவேண்டும். கிழங்குகள் சாற்றில் ஐந்து நிமிடம், லீக்ஸ் கடைசி இரண்டு நிமிடம், பிறகு அரித்து எடுத்துவிடும்.

அடுத்தது தடிப்பாக்குவது. கனமான சட்டியில் 30 கிராம் பட்டரை உருக்கி மூன்று மேசைக்கரண்டி கோதுமை மாவைக் கொட்டி, நிறம் மாறாமல் இரண்டு நிமிடம் கிண்டும். பச்சை மா மணம் போய் பிஸ்கட் மணம் வரும் நேரம் சாற்றை ஒரு அகப்பை விட்டு நன்றாக அடித்து, இறுகிய களியானதும் அடுத்த அகப்பை. முதல் மூன்று அகப்பைக்குப் பொறுமை இருந்தால் கட்டி தட்டாது. ஒரு லீட்டரும் சேர்ந்தபின் பத்து நிமிடம் மெதுவாகக் கொதிக்கட்டும். சொதியை விடச் சற்றுத் தடிப்பு, கஞ்சியை விட மெல்லிசு.

இப்போது புளி. பேர்கன் சூப்பை மற்ற ஊர்ச் சூப்பிலிருந்து பிரிப்பது இந்த மெல்லிய இனிப்புப் புளிப்புத்தான். சொதிக்குத் தேசிக்காயை எல்லாம் முடிந்து இறக்கியபின் பிழிவோம். இங்கே வினாகிரி கிரீமுக்கு முன் போகவேண்டும்: 7 வீத வினாகிரி ஒரு மேசைக்கரண்டி, சீனி இரண்டு தேக்கரண்டி, மா கரைந்த சாற்றில் கலந்து ருசி பாரும். அப்போது புளி சட்டி முழுவதும் பரவிவிடும். கிரீம் விட்டபின் வினாகிரியை ஊற்றினால், விழுந்த இடத்தில் புளி கூடி அங்கேயே திரைய ஆரம்பிக்கும். போத்தலை வாசித்துப் பாரும்: இங்கே 35 வீத எசன்ஸும் விற்கிறார்கள். அதை ஒரு பங்குக்கு நான்கு பங்கு தண்ணீர் சேர்த்தால்தான் 7 வீதம். அப்படியே விட்டால் சட்டியோடு கொட்ட வேண்டியதுதான்.

பிறகு 38 வீதக் கிரீம் ஒரு டெசிலீட்டர் விட்டு ஒரு கொதி. அடுப்பைக் குறைத்து, கொட் துண்டுகளையும் உருண்டைகளையும் மரக்கறியையும் இறக்கும். கொட் மூன்று நான்கு நிமிடம். சதை கண்ணாடித் தன்மை போய் வெள்ளையாகி, தொட்டால் இதழ் இதழாக விலகும் தறுவாயில் அடுப்பை அணைக்கும். மிச்சச் சூடு மிச்ச வேலையைப் பார்க்கும். இதற்குப் பிறகு அகப்பை போட்டுக் கிண்ட வேண்டாம், சட்டியின் காதைப் பிடித்து ஆட்டும்.

றொம்மே கடைசி. 35 வீதம் உள்ளதைத்தான் வாங்கவேண்டும், செத்தர்றொம்மே என்று போட்டிருக்கும். நீர் வாங்கிய லெட்றொம்மேயில் 18 வீதம்தான். கொழுப்புக் குறையக் குறையப் புரதத்தின் பங்கு கூடும். புளியும் சூடும் சேர்ந்தால் அந்தப் புரதம்தான் ஒன்றோடொன்று ஒட்டித் துணுக்காகிறது. யோகட் இன்னும் மோசம். ஒன்றரை டெசிலீட்டர் றொம்மேயில் ஒரு முட்டை மஞ்சட்கருவை அடித்து, சூடான சூப்பை முதலில் கரண்டி கரண்டியாக, பிறகு ஒரு அகப்பை விட்டுக் கலக்கும். கிண்ணம் இளஞ்சூடானதும் அணைத்த அடுப்பில் இருக்கும் சட்டிக்குள் ஊற்றும். திரும்பக் கொதிக்கவே கூடாது. கொதித்தால் மஞ்சட்கரு முட்டைப் பொரியல் மாதிரிப் பொடிப்பொடியாகும்.

சிறு தொகை திரைந்தால் காப்பாற்ற வழியுண்டு. மீனையும் உருண்டையையும் எடுத்துவிட்டு, சூப்பை வடித்துக் கைமிக்சியால் அடித்து, கொஞ்சம் கிரீம் சேர்க்கும். பார்வைக்குச் சரியாகும், நாக்கில் லேசாக மாத் தட்டும். வீட்டுக்குப் போதும், விருந்தாளிக்குப் போதாது.

ஜனவரி முதல் ஏப்ரல் வரை பாரன்ட்ஸ் கடலிலிருந்து வட நோர்வேயின் லொஃபோட்டன் தீவுகள் பக்கம் முட்டையிட வரும் ஸ்க்ரை கிடைக்கும். அதுவும் கொட்தான், சதை இறுக்கமானது. கிடைத்தால் அதையே வாங்கும். இறாலும் மட்டியும் குங்குமப்பூவும் போட்டு உணவகங்களில் வருவது வேறு சூப். ருசிதான், ஆனால் நீர் கேட்டது அதையல்ல.

பரிமாறும்போது கிண்ணத்தைச் சூடாக்கி, மேலே வெங்காயத்தாள் மாதிரியான சைவ்ஸை நறுக்கிப் போடும். பக்கத்தில் ஃப்லாட்புரோ என்ற மெல்லிய மொறுமொறு ரொட்டி அல்லது பாணும் பட்டரும். மிஞ்சினால் உறைய வைக்க வேண்டாம், பாலும் தண்ணீரும் பிரிந்துவிடும். அடுத்த நாள் மெல்லிய நெருப்பில், ஆவி வரும் வரை மட்டும். மிளகாய்த்தூள் போடலாமா என்று கடைசி வரியில் கேட்டிருந்தீர். உமது கிண்ணத்தில் போடும், சட்டியில் வேண்டாம்.

அன்புடன்,
அக்கா