'அரிராங்' படப்பெட்டி உங்கள் பரணில் இருக்கலாம்

ஜப்பானிலும் கொரியாவிலும் சீனத்திலும் பழைய படச்சுருள்களைக் கைவசம் வைத்திருக்கும் சேகரிப்பாளர்களுக்கும் குடும்பத்தாருக்கும்,

வணக்கம். நா உன்கியு எழுதி, இயக்கி, நடித்த கொரிய மௌனப்படமான 'அரிராங்' 1926 அக்டோபர் 1 அன்று சியோலின் தான்சொங்சா திரையரங்கில் வெளியானது. அவர் 1937-இல் காசநோயால் இறந்தபோது வயது 35-கூட ஆகவில்லை. அவர் இயக்கிய ஒரு படமும் இன்று பார்க்கக் கிடைப்பதில்லை. ஆனாலும் நம்பிக்கை வீண் அல்ல. 1936-இன் 'மிமொங்' 2005-இல் சீனக் காப்பகத்தில் அகப்பட்டது. 1934-இன் மௌனப்படமான 'இளமையின் குறுக்குச்சாலை' 2007-இல் நைட்ரேட் சுருளாகவே (எளிதில் தீப்பற்றும் பழைய வகை ஃபிலிம்) கிடைத்தது.

உங்களிடம் துருவேறிய டப்பா இருந்தால் முதலில் மூடியையும் ஒட்டியிருக்கும் சீட்டையும் படமெடுத்துக்கொள்ளுங்கள். மூடி இறுகியிருந்தால் சுத்தியலால் தட்ட வேண்டாம். நைட்ரேட் ஃபிலிம் தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தன்னுள்ளேயே வைத்திருப்பதால் பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றியும் அணையாது. நன்றாகச் சிதைந்த சுருள் 40 டிகிரி செல்சியஸை ஒட்டிய வெப்பத்திலேயே தானாகத் தீப்பிடிக்கக்கூடும். ஆகவே கோடையில் தகரக் கூரையடியில் வைக்காதீர்கள்.

திறக்க முடிந்தால் காற்றோட்டமான இடத்தில், கையுறையோடு, அருகே நெருப்பில்லாமல் திறங்கள். படம் மங்கிப் பழுப்பேறியிருந்தாலும், சுற்றுகள் லேசாகப் பிசுபிசுத்தாலும் இன்னும் நகலெடுக்கலாம். தேன் நிறத்தில் நுரைத்திருந்தால் சில பகுதிகள் மட்டும் தேறும். கட்டியாகி, பழுப்புத் தூளாக உதிர்ந்தால் தொடாமல் மூடிவிட்டுத் தீயணைப்புத் துறையிடம் சொல்லுங்கள். ஒட்டிய சுற்றைப் பிரித்தால் பிம்பத்தைத் தாங்கும் பூச்சு உரிந்து வந்துவிடும். அந்தக் காட்சி போனது போனதுதான். பிளாஸ்டிக் பையில் இறுக்கிக் கட்டுவதும் தவறு: வெளியேற வேண்டிய அமில வாயு உள்ளேயே தங்கிச் சிதைவை விரைவாக்கும். புரொஜெக்டரில் ஏற்றிப் பார்க்கவே வேண்டாம். பழைய ஃபிலிம் சுருங்கியிருக்கும். ஒரு சதவீதச் சுருக்கம் போதும், ஓரத் துளைகள் பற்களில் சிக்கிக் கிழிய.

பெயரை மட்டும் நம்பித் தேடாதீர்கள். சுருளின் வெளிச்சுற்றுதான் முதலில் அழிகிறது. தலைப்பு அங்கேதான் இருக்கும். அன்றைய விளம்பரங்களில் இயக்குநராக ஒரு ஜப்பானியர் பெயர் வந்ததால், டப்பாவின் மேல் நா உன்கியு பெயர் இல்லாமலும் போகலாம். காட்சிகளைப் பாருங்கள்: மனம் பேதலித்த மாணவன் யோங்ஜின், பாலைவனத்தில் தண்ணீருக்குக் கெஞ்சும் காதலர்களைக் காணும் பிரமை, அரிவாளால் நிகழும் கொலை, கைகள் கட்டப்பட்டு மலைமேட்டைக் கடந்து அழைத்துச் செல்லப்படும் முடிவு. பாலைவனக் காட்சி இருந்தால் ஐயமே வேண்டாம், உடனே சொல்லுங்கள்.

தொடக்கத் துண்டில் கையால் எழுதியிருப்பதை வெட்டி எறியாதீர்கள். டப்பாவோடு கிடக்கும் நோட்டீசு, இசைத்தட்டு, படத்துக்கு அரங்கிலேயே குரல் கொடுத்த பியோன்சாவின் வசனத்தாள் எதையும் பிரிக்காதீர்கள். பேச்சில்லாத படத்துக்கு அந்தத் தாள்தான் பாதி உயிர்.

தபாலிலோ கூரியரிலோ அனுப்பாதீர்கள். அது தீப்பற்றும் சரக்கு. சியோலின் கொரியத் திரைப்படக் காப்பகத்துக்கோ டோக்கியோவின் தேசியத் திரைப்படக் காப்பகத்துக்கோ எழுதினால் அவர்களே வழி சொல்வார்கள். முழுப்படம் இல்லையே என்று தயங்க வேண்டாம். ஆயிரம் அடி கொண்ட ஒரே ரீல், விநாடிக்கு 18 படச்சட்டங்கள் (ஃபிரேம்கள்) என்ற வேகத்தில், கிட்டத்தட்ட 15 நிமிடம் ஓடும். நா உன்கியு நடிப்பதை அசையும் படமாக 15 நிமிடம் பார்ப்பதற்கு இப்போது வேறு எந்த வழியும் இல்லை.

இப்படிக்கு,
பழைய ஃபிலிம் பாதுகாப்புப் பணியாளர்கள்