ரோசியின் ஒரு வினாடி உங்கள் பரணில் இருக்கலாம்

தெற்குக் கேரளத்திலும் குமரி மாவட்டத்திலும் பழைய சினிமாக் கொட்டகை, போட்டோ ஸ்டுடியோ, பழைய இரும்புக் கடை வைத்திருப்போருக்கு,

வணக்கம்.

பி. கே. ரோசி நடித்தது ஒரே ஒரு படம்: ஜே. சி. டேனியல் எடுத்த 'விகதகுமாரன்' என்ற மலையாள மௌனப் படம். ஒடுக்கப்பட்ட புலையர் சாதி வீட்டுப் பெண்ணான அவர், திரையில் உயர்சாதி நாயர் பெண்ணாக வந்தார். நாயகன் அவர் கூந்தல் பூவை எடுத்து முத்தமிடும் காட்சியைச் சாதி வெறியர்கள் பொறுக்கவில்லை. திருவனந்தபுரம் கேப்பிட்டல் கொட்டகையில் கல் பறந்தது, திரை கிழிந்தது. அவர் வீட்டுக்கும் தீ வைத்தார்கள். லாரியில் ஏறித் தப்பி நாகர்கோவில் வந்தவர், ராஜம்மாள் என்ற பெயரிலேயே வாழ்ந்து மறைந்தார். மறுபடி கேமரா முன் நிற்கவே இல்லை.

படத்தின் பிரதி எந்தக் காப்பகத்திலும் இல்லை. ஆனாலும் தேடச் சொல்வதற்குக் காரணம் உண்டு. 1933-இல் வெளியான 'மார்த்தாண்ட வர்மா' என்ற மௌனப் படம் உரிமை வழக்கில் சிக்கி, திருவனந்தபுரத்தில் ஒரு புத்தகக் கடையின் வசம் கிடந்தது. 1974-இல் புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதை மீட்டது. புத்தகக் கடையில் ஒரு மௌனப் படம் பிழைத்ததென்றால், மூடிக் கிடக்கும் ஆபரேட்டர் ரூமிலும் பிழைத்திருக்கலாம்.

எப்படி அடையாளம் காண்பது? சுருளின் அகலம் 35 மில்லிமீட்டர். இரு ஓரமும் துளை வரிசை, ஒவ்வொரு படக்கட்டத்துக்கும் பக்கத்துக்கு நான்கு துளை. துளைக்கும் படத்துக்கும் நடுவே ஒலிக்கோடு இருக்காது. ஓரத்தில் 'நைட்ரேட்' என்று ஆங்கிலத்தில் அச்சாகியிருக்கலாம். கோடாக் ஃபிலிமானால் வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற குறிகள் ஆண்டைச் சொல்லும். ஆனால் 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வரும் என்பதால் அதை மட்டும் நம்ப வேண்டாம். 'விகதகுமாரன்' கதையில் ஒரு பையனை இலங்கைக்குக் கடத்திப் போவார்கள். தோட்டக் காட்சி தெரிந்தால் உடனே சொல்லுங்கள்.

டப்பாவைத் திறக்கும்போது கவனம். அந்தக் காலத்துச் சினிமாச் சுருளான நைட்ரேட் ஃபிலிம் எரியத் தேவையான ஆக்ஸிஜனைத் தனக்குள்ளேயே வைத்திருப்பது, தண்ணீருக்குள்ளும் எரியும். கெட்டுப்போன சுருள் 40 டிகிரி வெயில் சூட்டிலேயே பற்றிக்கொள்ளக் கூடும், அதனால் ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்கு அடியில் வைக்காதீர்கள். பக்கத்தில் பீடி, விளக்கு, சாம்பிராணி கூடாது. பிளாஸ்டிக் பையில் கட்டினால் உள்ளே கசியும் வாயு சுருளை இன்னும் வேகமாக அரிக்கும். காற்றோட்டமுள்ள குளிர்ந்த அறையில் டப்பாவைப் படுக்க வையுங்கள். புரொஜெக்டரில் ஏற்றவே கூடாது. சுருங்கிப்போன துளைகள் பல்லில் மாட்டிக் கிழியும். தீப்பிடித்தால் அணைக்க முயலாமல் எல்லோரும் வெளியேறித் தீயணைப்புத் துறையைக் கூப்பிடுங்கள். தபாலிலோ பஸ்ஸிலோ அனுப்பாமல், புனே காப்பகத்துக்குத் தகவல் சொல்லி, எடுத்துப்போகும் வழியைக் கேளுங்கள்.

படம் மங்கியிருந்தாலும், பிசுபிசுத்தாலும், குமிழ் விட்டிருந்தாலும் பெரும்பாலும் நகலெடுக்கலாம். ஒரே கட்டியாக இறுகிவிட்டாலோ பழுப்புத் தூளாகிவிட்டாலோதான் வழியில்லை. துண்டு ஃபிலிம்தானே என்று, அதிலுள்ள வெள்ளியைப் பிரித்தெடுக்கப் போட்டுவிடாதீர்கள். ஓர் அடி ஃபிலிமில் 16 படக்கட்டம். மௌனப் பட வேகம் ஏறத்தாழ வினாடிக்கு 16 படக்கட்டம். ஆக, ஓர் அடி கிடைத்தால் ரோசியை ஒரு வினாடி பார்க்கலாம். இன்று அந்த ஒரு வினாடிகூட நம்மிடம் இல்லை.

சுருள் இல்லாவிட்டாலும் நோட்டீஸ், ஸ்டில், கண்ணாடி நெகட்டிவ் எதுவும் உதவும். படம் வெளியானது 1928-ஆ 1930-ஆ என்ற வழக்கே இன்னும் தீரவில்லை; தேதியோடு ஒரு நோட்டீஸ் கிடைத்தால் அது தீரும். ரோசியின் படம் என்று சுற்றிவரும் போட்டோவிலும் சந்தேகம் இருக்கிறது. அதனால் ஸ்டில் கிடைத்தால் பின்பக்கத்து எழுத்தையும் முத்திரையையும் துடைக்காமல் அப்படியே வையுங்கள். எந்த ஊர், எந்தக் கட்டடம், எந்த அலமாரி என்பதைத் தனித் தாளில் எழுதுங்கள். போட்டோவின் மேல் பேனா படக் கூடாது.

இப்படிக்கு,
பழைய படச்சுருள் பராமரிப்பு வேலை செய்வோர்