பட்டங்களுக்கு இடையே விடுபட்ட ஆண்டுகள்

ஆசிரியருக்கு,

தங்கள் ஞாயிறு இணைப்பில் அயர்லாந்து மல்யுத்த வீராங்கனை பெக்கி லிஞ்ச் பற்றிய கட்டுரையைப் படித்தேன். 2019இல் ரெஸில்மேனியா என்னும் பெரிய மல்யுத்த விழாவில் சார்லட் பிளேர், ரோண்டா ரௌசி ஆகியோருடன் அவர் மோதி வென்றதை விரிவாக எழுதியிருந்தீர்கள். அந்த விழாவின் நிறைவுப் போட்டியில் பெண்கள் மோதியது அதுவே முதல் முறை. சரி, கொண்டாட வேண்டியதுதான். ஆனால் 2006இல் ஜெர்மனியில் ஒரு போட்டியில் தலையில் அடிபட்டு, பல ஆண்டுகள் அவர் களத்தை விட்டு விலகியிருந்தது பற்றி ஒரு வரிகூட இல்லை. இடையில் விமானப் பணிப்பெண்ணாக வேலை பார்த்தார், நடிப்பும் படித்தார். ரெஸில்மேனியாவை நடத்தும் டபிள்யூ.டபிள்யூ.இ. நிறுவனத்தில் சேர்ந்தது 2013இல்தான்.

யார் வெல்வது என்பது முன்பே முடிவாகிவிடுகிறது என்பதால் இந்தத் தொழிலை வெறும் நடிப்பு என்று பலர் ஒதுக்குகிறார்கள் (என் வீட்டிலும் இதே பேச்சுதான்). வெற்றி தோல்வி மட்டுமே முன்கூட்டி எழுதப்படுகிறது, விழுவது நிஜம். நான் மாணவிகளுக்கு ஜூடோ கற்றுத்தருகிறேன். மெத்தை மேல் முறையாக விழப் பழகியவர்களுக்கே மறுநாள் கழுத்து பிடித்துக்கொள்கிறது. 2018 நவம்பரில் மேடையிலேயே பெக்கியின் மூக்கு உடைந்தது. 2020இல் கர்ப்பம் காரணமாகப் பட்டத்தை விட்டுக்கொடுத்தவர், 2021 ஆகஸ்டில் மீண்டும் களமிறங்கினார். இனி வீராங்கனைகளைப் பற்றி எழுதும்போது காயம், சிகிச்சை, மகப்பேறு விடுப்பு ஆகியவற்றையும் விளையாட்டு மருத்துவர் ஒருவரின் கருத்தோடு சேர்த்து வெளியிடலாமே.