ட்ரெண்டினோ சிப்பாய்கள் எல்லாரும் பத்திஸ்தி இல்ல

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

முதல் உலகப்போர்ல ஆல்ப்ஸ் மலைப்பக்கம் நடந்த சண்டை பத்தி உங்க ஞாயிறு இணைப்புல வந்த கட்டுரைய படிச்சேன். ட்ரெண்டினோ அரசியல்வாதி, ஆஸ்திரிய குடிமகனா இருந்தும் இத்தாலி படையில சேர்ந்த செசாரே பத்திஸ்திய ஆஸ்திரியா தூக்குல போட்ட பகுதி மனச ரொம்பவே பாதிச்சுது. ஆனா முழுசா படிச்சு முடிக்கும்போது, ட்ரெண்டினோ ஜனங்க மொத்த பேரும் உள்ளுக்குள்ள இத்தாலிக்காக துடிச்சுக்கிட்டு, ஆஸ்திரியாக்காரன் எப்ப போவான்னு காத்துக்கிட்டு இருந்த மாதிரி ஒரு எண்ணம்தான் வாசகருக்கு வரும். அது சரியில்லைங்க. அதுல அடிபட்டு போறது பல ஆயிரம் சாதாரண சிப்பாய்களோட கதை, அதனாலதான் இத எழுதுறேன்.

1914ல ட்ரெண்டினோங்கிறது ஆஸ்திரிய-ஹங்கேரி பேரரசுல டிரோல் மாகாணத்தோட தெக்கு முனை. மாகாண தலைநகர் இன்ஸ்ப்ரூக், அங்க எல்லாம் ஜெர்மன் பேசுறவங்க. தெக்க இத்தாலி மொழி பேசுற ஜனம் நாலு லட்சத்துக்கு கொஞ்சம் கம்மி. அந்த சின்ன ஜனத்தொகைல இருந்து சுமார் 55,000 பேர் சக்கரவர்த்தியோட பட்டாளத்துல போனாங்க, அதுல 11,000 பேருக்கு மேல வீடு திரும்பல. எல்லை தாண்டி போய் இத்தாலி படையில தானா சேர்ந்த ட்ரெண்டினோக்காரங்க 700, 800 பேருதான் இருப்பாங்க. பத்திஸ்தி அந்த சின்ன கூட்டத்துல ஒருத்தர். அவரோட தைரியத்த நான் குறைச்சு சொல்லல, 1916 ஜூலை 10ஆம் தேதி புடிச்சு 12ஆம் தேதி ட்ரெண்டோ கோட்டையிலயே, அவர மாதிரியே இத்தாலி படையில சேர்ந்த ஃபாபியோ ஃபில்சியையும் சேர்த்து தூக்குல போட்டாங்களே, அந்த கொடுமைய யார் மறக்க முடியும். ஆனா 700 பேர வச்சு 55,000 பேரோட மனசு இதுதான்னு எப்படி எழுத முடியும்?

அந்த 55,000 பேரும் சக்கரவர்த்தி மேல உயிரா இருந்தாங்கன்னும் நான் சொல்ல வரல. 1868லயே கட்டாய ராணுவ சேவை சட்டம் வந்தாச்சு, 1914 ஜூலை 31ல அணிதிரட்டல் உத்தரவு ஒட்டினதும் 21 வயசுல இருந்து 42 வயசு வரைக்கும் கூப்பிட்டாங்க, வயல்ல வேலை பாதில நிக்குது, பிள்ளைங்க சின்னதா இருக்கு, போகலன்னா ஜெயில், அதுக்கு மேல என்ன பண்ணுவான் மனுஷன், போனான். டிரோல்ல ஆள் எடுத்த கைசர்யேகர்ங்கிற காலாட்படை ரெஜிமென்ட் நாலுலயும் ஜெர்மன்காரனும் இத்தாலிக்காரனும் கலந்துதான் இருந்தாங்க. பேரரசோட துறைமுகமான ட்ரியெஸ்ட் ஊர்ல இருந்து 97ஆவது காலாட்படை ரெஜிமென்ட் கிளம்புச்சு, அதுல இத்தாலிக்காரன், ஸ்லோவேனியன், குரோஷியன் எல்லாம் ஒரே வரிசைல. எல்லாரையும் ரயில்ல ஏத்தி கொண்டு போய் இறக்கினது கலீசியாவுல, இன்னிக்கு போலந்தும் உக்ரைனும் இருக்கிற இடம். ரஷ்யா கூட முதல் ரெண்டு மாச சண்டையிலயே செத்த எண்ணிக்கை பயங்கரம், செப்டம்பர் தொடக்கத்துலயே லெம்பெர்க் நகரம் (இன்னிக்கு உக்ரைன்ல இருக்கிற லிவிவ்) கைய விட்டு போச்சு.

இந்த சிப்பாய்கள் நிறைய பேர் டைரி எழுதினாங்க, அது ரொம்ப முக்கியம். விவசாயி, கல் தச்சன், ஆடு மேய்க்கிறவன், இவங்க எப்படி எழுதினாங்கன்னு கேக்கலாம், மரியா தெரேசா ராணி காலத்துல 1774லயே கட்டாய ஆரம்பப்பள்ளி வந்ததால அந்த மலைக்கிராமத்துல கூட ஆம்பளைங்களுக்கு எழுதப்படிக்க தெரியும். 1980கள்ல ட்ரெண்டோ, ரோவெரெட்டோ ஊர் ஆராய்ச்சியாளர்கள் இந்த நோட்டுப்புக்கெல்லாம் வீடு வீடா தேடி சேகரிச்சு அச்சுல கொண்டு வந்தாங்க. அதுல பக்கம் பக்கமா இருக்கிறது பசி, பேன், பனி, செத்த கூட்டாளி, வீட்டுல மாடு என்னாச்சு, பொண்டாட்டி கிட்ட இருந்து கடுதாசி வரலையே, இதெல்லாம்தான். நான் இத்தாலியன், நான் ஆஸ்திரியன்னு நெஞ்ச நிமித்தி பேசுற வரி ரொம்ப கம்மி. தன்னோட பள்ளத்தாக்கு, தன்னோட ஊரு, தன்னோட சர்ச், இதுதான் அவனுக்கு நாடு. அவன் பேசுற மொழி இத்தாலி, 1848ல இருந்து ஆண்டுக்கிட்டு இருக்கிற கிழட்டு சக்கரவர்த்தி வியன்னால, ரெண்டும் ஒண்ணுக்கொண்ணு முட்டுதுன்னு அவன்ல பல பேருக்கு 1915 வரைக்கும் தோணவே இல்ல.

முட்ட வச்சது யாரு? 1915 மே 23ல இத்தாலி ஆஸ்திரியா மேல போர் அறிவிச்சதும் பேரரசோட ராணுவம் தன் சொந்த சிப்பாயையே சந்தேகக்கண்ணோட பாக்க ஆரம்பிச்சுது. இத்தாலி பேசுறவன்ல பல பேர அரசியல் ரீதியா நம்பத்தகாதவன்னு ஃபைல்ல குறிச்சாங்க, ஒரே இடத்துல கூட்டமா இருக்க விடாம பிரிச்சு போட்டாங்க, பெரும்பாலானவங்கள இத்தாலி முனை பக்கமே விடாம ரஷ்ய முனையிலயே வச்சுக்கிட்டாங்க. ஊர்ல இன்னும் மோசம். போர் எல்லைக்கு பக்கத்துல இருந்த ட்ரெண்டினோ கிராமங்கள காலி பண்ணி 70,000 பேருக்கு மேல பொம்பளைங்க, கிழவங்க, குழந்தைங்கள போஹீமியா, மொராவியா, மேல் ஆஸ்திரியான்னு அனுப்பினாங்க, கொஞ்ச பேர மிட்டர்ன்டார்ஃப் மாதிரி மரக்கொட்டகை முகாம்ல அடைச்சாங்க. அரசியல் சந்தேகம் இருந்தா லின்ஸ் பக்கத்துல காட்சனாவ் தடுப்பு முகாம். ட்ரெண்டோ பிஷப் செலஸ்தினோ என்ட்ரிச்சியையே ஊர விட்டு கொண்டு போய் மடத்துல வச்சாங்கன்னா பாத்துக்கோங்க.

இப்ப கார்ப்பாத்தியன் மலைல பனிக்குள்ள பேரரசுக்காக துப்பாக்கி புடிச்சுக்கிட்டு நிக்கிற ஒருத்தன நினைச்சு பாருங்க. அவன் அம்மாவும் பிள்ளையும் அதே பேரரசோட முகாம்ல நோயில கிடக்குறாங்கன்னு கடுதாசில தெரிய வருது. நீ இத்தாலியன்னு இத்தாலி சொல்றதுக்கு முன்னாடியே அவன் மூஞ்சிக்கு நேரா அத சொன்னது ஆஸ்திரியாதான். தேச உணர்வு ரத்தத்துலயே ஊறி கிடந்துச்சுங்கிற பேச்ச நான் ஏத்துக்க மாட்டேன், சந்தேகமும் அவமானமும்தான் பல பேர அந்த பக்கம் தள்ளுச்சுங்கிறது என்னோட உறுதியான கருத்து.

ரஷ்யாவுல கைதியா இருந்தவங்க கதைல இது இன்னும் தெளிவா தெரியும். 1914லயே ஜார் அரசு, எங்ககிட்ட இருக்கிற இத்தாலி பேசுற கைதிகள அனுப்பி வைக்கிறோம்னு ரோமுக்கு சொல்லுச்சு, இத்தாலி அப்ப நடுநிலைல இருந்ததால அது நடக்கல. அப்புறம் இத்தாலி போர்ல இறங்கினதும் தம்போவ் மாகாணத்துல கிர்சானோவ்ங்கிற சின்ன ஊர்ல இவங்கள ஒண்ணு சேர்த்தாங்க, இத்தாலி ராணுவ குழு போய் யாரு இத்தாலிக்கு வரீங்கன்னு கேட்டுச்சு. உடனே எல்லாரும் கைய தூக்கிட்டாங்கன்னு நினைக்காதீங்க. இத்தாலிய தேர்ந்தெடுத்தா ஆஸ்திரியா சட்டப்படி தேசத்துரோகம், பத்திஸ்திக்கு நடந்தது எல்லாருக்கும் தெரியும், வீடு நிலம் பறிபோகும், முகாம்ல இருக்கிற குடும்பத்த என்ன பண்ணுவாங்களோ, அதுக்கும் மேல போர்ல யாரு ஜெயிப்பான்னே தெரியாது. பல பேர் வேண்டாம்னு ஒதுங்கினாங்க, பல பேர் இழுத்தடிச்சாங்க. சரின்னு சொன்னவங்கள்ல சுமார் 4,000 பேர் 1916 இலையுதிர் காலத்துல அர்ஹாங்கெல்ஸ்க் துறைமுகம் வழியா கப்பல்ல போய் இங்கிலாந்து வழியா இத்தாலி சேர்ந்தாங்க. மிச்சம் இருந்தவங்கள்ல கொஞ்ச பேர் 1917 புரட்சில மாட்டி, சைபீரியா தாண்டி விளாதிவாஸ்தோக், சீனாவுல தியான்ஜின்னு சுத்தி போர் முடிஞ்சும் வருஷக்கணக்குல ஊர் போய் சேரல. எந்த கொடிய தேர்ந்தெடுக்கிறதுங்கிறதோட இன்னிக்கு எது சொன்னா என் குடும்பம் பிழைக்கும்ங்கிறதும் அந்த முடிவுல இருந்துச்சு. அத கோழைத்தனம்னு சொல்ல நமக்கு உரிமை இல்ல.

1919ல ஆஸ்திரியா கூட போட்ட செயின்ட் ஜெர்மெய்ன் சமாதான ஒப்பந்தத்துல ட்ரெண்டினோ இத்தாலிக்கு போச்சு. சக்கரவர்த்தி படையில செத்த ட்ரெண்டினோ சிப்பாய்கள் தோத்த பக்கம் யூனிஃபார்ம்ல செத்தவங்க, ஆனா இவங்க ஊரு இப்ப ஜெயிச்ச நாட்டுல இருக்கு. ஊர் திரும்பினவங்கள்ல கொஞ்ச பேர இத்தாலி அரசே முகாம்ல வச்சு விசாரிச்சுது. அப்புறம் வந்த ஃபாசிஸ்ட் ஆட்சிக்கு இத்தாலி படையில தானா சேர்ந்த வாலண்டியர்கள் மட்டும்தான் தியாகி, 1935ல ட்ரெண்டோ நகரத்துக்கு மேல குன்றுல பத்திஸ்திக்கு பெரிய நினைவு மண்டபம் கட்டினாங்க, கலீசியாவுல செத்த ஆயிரக்கணக்கானவங்கள பத்தி வாய் திறக்கல. பல கிராமத்து நினைவுக்கல்லுல அவங்க பேரு இருக்கும், எந்த படையில இருந்து செத்தாங்கன்னு இருக்காது. பெத்தவங்க துக்கத்த கூட சத்தமில்லாம வச்சுக்க வேண்டியதாச்சு. எனக்கு இந்த மொத்த விஷயத்துல ரொம்ப வலிக்கிற இடம் இதுதான்.

இன்னொரு ஆளையும் உங்க கட்டுரை விட்டுடுச்சு. அல்சிதே தெ காஸ்பெரி. இவரும் பத்திஸ்தி மாதிரியே 1911ல வியன்னா பாராளுமன்றத்துக்கு ட்ரெண்டினோல இருந்து தேர்ந்தெடுக்கப்பட்டவர். பத்திஸ்தி எல்லை தாண்டி போனார், தெ காஸ்பெரி பேரரசுக்குள்ளயே இருந்து அகதி முகாம்கள சுத்தி வந்து தன் ஜனங்களுக்காக வியன்னால சண்டை போட்டார். 1945ல இருந்து 1953 வரைக்கும் இத்தாலி பிரதமரா இருந்தது அவர்தான். பத்திஸ்தி மட்டும்தான் உண்மையான இத்தாலியன்னா இவர எந்த கணக்குல வைப்பீங்க?

ஆசிரியர் கிட்ட ஒரே ஒரு வேண்டுகோள். இந்த தொடர் அடுத்த வாரமும் வரும்னு போட்டிருக்கீங்க. அதுல அந்த டைரிகள்ல இருந்து ரெண்டு மூணு பகுதிய மொழிபெயர்த்து போடுங்க, ஆல்ப்ஸ் மேப்போட சேர்த்து கலீசியா மேப்பையும் போடுங்க, ட்ரெண்டினோ சிப்பாய்கள்ல ரொம்ப பேர் செத்து புதைஞ்சது அங்கதான்.

இப்படிக்கு,
உங்க நீண்ட நாள் வாசகர்