புகையா, பிஸ்டனா: பொன்மலைத் திரைப்பட வட்டத்தின் ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், சந்தா கட்டிய உறுப்பினர்களுக்கும், இனிமேல் கட்டப்போகும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

சென்ற ஏப்ரல் முதல் இந்த மார்ச் வரை வட்டம் செய்ததை இங்கே வாசிக்கிறேன். வரவு செலவைப் பொருளாளர் தனியாக வாசிப்பார். அதில் நான் வாய் கொடுக்கப்போவதில்லை.

முதலில், இந்த ஆண்டின் தலைப்பு எப்படி வந்தது என்பதைச் சொல்லிவிடுகிறேன். மாதம் ஒரு நாட்டுப் படம் என்று நான்கு வருடமாக ஓட்டிக்கொண்டிருந்தோம். போன ஆண்டுக்கூட்டத்தில், பொன்மலை ரயில்வே பட்டறையில் பாய்லர் ஃபிட்டராக இருந்து ஓய்வு பெற்ற நம் மூத்த உறுப்பினர் எழுந்து ஒரு குறை சொன்னார். "ரயில் எஞ்சின் வர்ற படம்னு கூப்பிடுறீங்க. வந்து பார்த்தா புகையைத்தான் காட்டுறான், பிஸ்டனைக் காட்ட மாட்டேங்கிறான்." எல்லோரும் சிரித்தோம். ஆனால் அந்தக் கேள்வி தங்கிவிட்டது. விக்டோரியா ராணி ஆண்ட 1837 முதல் 1901 வரையிலான காலத்தின் பொறியியலையும் கண்டுபிடிப்புகளையும் காட்டும் படங்களை எடுத்துக்கொண்டு, எந்தப் படம் இயந்திரத்தை உண்மையில் வேலை செய்யவிடுகிறது என்று பார்ப்பது என முடிவாயிற்று. ஒன்பது திரையிடல்கள் திட்டமிட்டோம். எட்டு நடந்தன.

மே மாதம் 'தி மேஜிக் பாக்ஸ்' படத்தில் தொடங்கினோம். 1851இல் லண்டனில் நடந்த மாபெரும் பொருட்காட்சியின் நூறாம் ஆண்டையொட்டி 1951இல் பிரிட்டன் விழா நடந்தது. அந்த விழாவுக்காக எடுத்த படம் இது. சினிமா கேமராவுக்காக மன்றாடிக் கடனாளியான வில்லியம் ஃபிரீஸ்-கிரீனின் கதை. படம் அசைந்துவிட்டது என்று தெரிந்த ராத்திரியில், பார்க்க ஆள் இல்லாமல், தெருவில் ரோந்து போன போலீஸ்காரரை உள்ளே இழுத்து வந்து காட்டுகிறார். அந்தப் போலீஸ்காரராகச் சில நிமிடங்களே வருபவர் லாரன்ஸ் ஒலிவியர். திரையைப் பார்த்துவிட்டு, பின்னால் யாராவது ஒளிந்திருக்கிறார்களா என்பதுபோல அவர் முழிக்கும் முழிப்புக்காகவே படத்தை மறுபடி போடலாம்.

சினிமாவைக் கண்டுபிடித்தவர் இவர்தானா என்ற கேள்வி உடனே வந்தது. இவர் மட்டும் இல்லை. லீட்ஸ் நகரில் 1888இலேயே லூயி லெ பிரின்ஸ் ஒரு தோட்டத்தில் நாலு பேர் நடப்பதைப் படம் பிடித்திருக்கிறார். மொத்தமே இரண்டு விநாடிதான் ஓடும். 1890இல் டிஜோனில் பாரிசுக்கு ரயில் ஏறிய அந்த மனிதர் இறங்கவே இல்லை. அப்புறம் எடிசன், லூமியேர் சகோதரர்கள் என்று வரிசை நீள்கிறது. அன்றைய பேச்சு கடைசியில் நம் ஊருக்குத்தான் வந்து நின்றது. திருச்சியில் ரயில்வே வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜெக்டரையும் படங்களையும் வாங்கிக்கொண்டு ஊர் ஊராகக் காட்டப் புறப்பட்டவர். ரயில்வேகாரர்களுக்குப் படம் காட்டும் கிறுக்கு பிடிப்பது இந்த ஊரில் புதிதல்ல என்று தலைவர் சொன்னதைக் குறிப்பேட்டில் எழுதியிருக்கிறேன்.

ஜூனில் 'தி ஃபர்ஸ்ட் கிரேட் டிரெயின் ராபரி'. 1855 மே மாதம் லண்டனிலிருந்து ஃபோக்ஸ்டனுக்குப் போன ரயிலில் தங்கம் திருடு போனது நிஜம். படத்தில் ஷான் கானரி ஓடும் ரயிலின் கூரைமேல் நடந்து போகிறார். நிஜத் திருடர்கள் யாரும் கூரை ஏறவில்லை. கார்டையே கைக்குள் போட்டுக்கொண்டு, சாவிகளை மெழுகில் ஒற்றி எடுத்து, தங்கத்துக்குப் பதிலாக ஈயக் குண்டுகளை வைத்துவிட்டுப் போனார்கள். கூரையில் நடப்பதைவிட இது எனக்குச் சுவையாகப் படுகிறது. ஆனால் டிக்கெட் வாங்குகிறவருக்குக் கூரைதான் வேண்டும், என்ன செய்ய. டூப் போடாமல் கானரியே நடந்திருக்கிறார். மணிக்கு 35 மைல் என்று பேசிக்கொண்ட ரயில் 50க்கு மேலே போயிருக்கிறது.

படப்பிடிப்பு நடந்தது இங்கிலாந்தில் இல்லை, அயர்லாந்தில். எஞ்சின், அங்கே பாதுகாத்து வைத்திருக்கும் 184ஆம் எண். 1880இல் செய்தது. கதையைவிட இருபத்தைந்து வயது இளையது என்பதால் பழைய தோற்றம் வர வேஷம் போட்டிருக்கிறார்கள். நம் பாய்லர் ஃபிட்டர் ஐயா வேஷத்தை மன்னித்துவிட்டார். உயிருள்ள நீராவி, மேட்டில் ஏறும்போது எஞ்சின் மூச்சு வாங்கும் சத்தம் எல்லாம் அசல் என்று ஒப்புக்கொண்டார். பிஸ்டன் மட்டும் வரவில்லை.

ஜூலையில் பாலிடெக்னிக் மாணவர்கள் கேட்டதற்காக டிஸ்னியின் '20,000 லீக்ஸ் அண்டர் தி சீ' போட்டோம். ஜூல் வெர்னின் நாவலில் நாட்டிலஸ் சுருட்டு மாதிரி வழவழப்பான நீர்மூழ்கிக் கப்பல், மின்சாரத்தில் ஓடும். படத்துக்கு அதை வடிவமைத்த ஹார்ப்பர் காஃப், தகடுகளை இணைக்கும் ரிவெட் ஆணிகள் அடித்த இரும்பு முதலையாக ஆக்கிவிட்டார். இன்று விக்டோரியா கால இயந்திரம் என்றாலே எல்லோர் மனதிலும் அந்த உருவம்தான் வருகிறது. இத்தனை ரிவெட் தலைகள் வெளியே துருத்திக்கொண்டிருந்தால் தண்ணீர் கப்பலைப் பின்னுக்கு இழுக்காதா என்று ஒருவர் கேட்டார். இழுக்கும்தான். அழகாக இருக்கிறது, விட்டுவிடுங்கள்.

ஆகஸ்ட் கூட்டத்தைப் பற்றிக் கொஞ்சம் அதிகம் சொல்ல வேண்டும். பிபிசி 2003இல் தொழில் உலகத்தின் ஏழு அதிசயங்கள் என்று ஏழு பகுதிகளாக ஒரு நாடக ஆவணப்படத் தொடர் எடுத்தது. அதிலிருந்து இரண்டு பகுதிகளை ஒரே மாலையில் போட்டோம். ஒன்று பொறியாளர் புருனெல் கட்டிய கிரேட் ஈஸ்டர்ன் கப்பல். மற்றது பொறியாளர் பசால்ஜெட் கட்டிய லண்டன் சாக்கடை.

கப்பலின் நீளம் 692 அடி. சுமார் 30,000 இரும்புத் தகடுகள், 30 லட்சம் ரிவெட்டுகள். தேம்ஸ் ஆற்றுக்கு இணையாகக் கட்டியதால் பக்கவாட்டில்தான் தள்ளி இறக்க வேண்டும். 1857 நவம்பரில் முதல்முறை தள்ளியபோது சுழன்ற கைப்பிடி அடித்து ஒருவர் இறந்தார், கப்பல் சில அடிகளோடு நின்றுவிட்டது. ஹைட்ராலிக் ஜாக்குகளை வரிசையாக வைத்து முட்டி முட்டி அடுத்த ஜனவரி 31ஆம் தேதிதான் தண்ணீரில் மிதக்கவிட்டார்கள். இந்த இடத்தில் அரங்கில் பேச்சே இல்லை. பாரம் நகராமல் நின்றுபோன நாளை அனுபவித்தவர்கள் நம்மில் பலர்.

அதற்கடுத்தது 1859 செப்டம்பர் சோதனை ஓட்டம். புகைபோக்கியைச் சுற்றி ஒரு தண்ணீர் உறை. வீணாகப் போகும் சூட்டில் பாய்லருக்குப் போகும் தண்ணீரைச் சூடாக்கிக்கொள்ளலாம் என்ற நல்ல யோசனை. ஆனால் அந்த உறையிலிருந்து நீராவி வெளியேற வேண்டிய குழாயின் அடைப்பான் மூடியே கிடந்தது. புகைபோக்கி வெடித்து மேலே பறந்தது, கீழே பாய்லர் அறையில் இருந்தவர்கள் வெந்து செத்தார்கள். இன்னொரு புகைபோக்கியின் அடைப்பானும் அதே மாதிரி மூடித்தான் இருந்தது. அதை நேரத்தோடு திறந்துவிட்டார்கள். ஏற்கெனவே பக்கவாதத்தில் படுத்திருந்த புருனெல் சில நாட்களில், செப்டம்பர் 15 அன்று இறந்துபோனார்.

படம் முடிந்ததும் ஐயா எழுந்தார். "அவர் பெரிய ஆளுதான். ஆனா அந்த அடைப்பானைத் தொறந்து வெக்கிறது யார் பொறுப்புன்னு எழுதி மாட்டியிருந்தா அஞ்சாறு உசிரு மிஞ்சியிருக்கும்." அதற்குப் பிறகு முக்கால் மணி நேரம் நடந்தது சினிமா விவாதமே இல்லை. அவரவர் ஷெட்டில் நடந்தது, நடக்காமல் தப்பியது எல்லாம் வெளியே வந்தன. நம் வட்டத்தின் மிகச் சிறந்த கூட்டம் இதுதான் என்பது என் கருத்து.

சாக்கடைப் படத்துக்கு நேரமாகிவிட்டதால் பாதிப்பேர் போய்விட்டார்கள். அவர்களுக்குத்தான் நஷ்டம். 1858 கோடையில் தேம்ஸ் நாற்றம் தாங்காமல் நாடாளுமன்றத் திரைச்சீலைகளைக் குளோரைடு சுண்ணாம்பில் நனைத்துத் தொங்கவிட்டார்கள். உறுப்பினர்களின் மூக்கில் ஏறிய பிறகுதான் பணம் ஒதுக்கினார்கள். கிட்டத்தட்ட 82 மைல் நீளப் பெரும் சாக்கடைகள், 31 கோடிக்கு மேல் செங்கல். சில சாக்கடைகளின் குறுக்கு வெட்டு முட்டை வடிவம். குறுகிய பக்கம் கீழே இருக்கும். தண்ணீர் குறைவாக வரும் நாளிலும் வேகம் குறையாமல் கசடை அடித்துக்கொண்டு போவதற்காக அப்படி. அப்போது புதிதாக இருந்த போர்ட்லண்ட் சிமென்ட்டைச் சோதித்துச் சோதித்துத்தான் வாங்கினார் பசால்ஜெட். கதாநாயகன் சிமென்ட்டைச் சோதிக்கும் படம் வேறு எங்கே கிடைக்கும்?

செப்டம்பரில் 'தி பிரெஸ்டீஜ்'. கொலராடோ ஸ்பிரிங்ஸ் சோதனைக்கூடத்தில் நிகோலா டெஸ்லாவாக டேவிட் போவி வருகிறார். இளைஞர்களுக்கு மிகவும் பிடித்தது. டெஸ்லா 1899இல் அங்கே கூடம் போட்டது உண்மை. மற்றபடி படத்தில் வரும் பெட்டி மந்திரப் பெட்டி. நம் தலைப்புக்குள் அதை நுழைத்தது நான்தான். தவறு என்னுடையது. ஐயா பாதியிலேயே டீ குடிக்கப் போய்விட்டார்.

அக்டோபரில், ஆயுத பூஜை முடிந்த வாரம், 'தி கரன்ட் வார்'. எடிசன் பக்கம் நேர்மின்சாரம், வெஸ்டிங்ஹவுஸ் பக்கம் மாறுமின்சாரம். அமெரிக்காவுக்கு ஏது விக்டோரியா என்று ஒரு ஆட்சேபணை வந்தது. காலக்கணக்கைச் சொல்லிச் சமாளித்தோம். நம்மில் பாதிப்பேருக்கு வெஸ்டிங்ஹவுஸ் என்றால் ஏர் பிரேக்தான். குழாயில் காற்றழுத்தம் குறைந்தால் பிரேக் தானாகப் பிடிக்கும், பெட்டி கழன்று போனாலும் நிற்கும். அதைச் செய்தவர்தான் மின்சாரத்திலும் இறங்கினார் என்பது பலருக்குச் செய்தி. டிரான்ஸ்ஃபார்மரால் மின்னழுத்தத்தை ஏற்றி, மெல்லிய கம்பியில் நெடுந்தூரம் கொண்டுபோகலாம் என்பதுதான் அந்தப் போரை முடித்த விஷயம். படம் அதை ஒரு வசனத்தில் தாண்டிவிட்டு ஆட்களின் கோபதாபத்துக்குப் போய்விடுகிறது. 1893 சிகாகோ பொருட்காட்சியில் விளக்குகள் எரியப்போகும் நேரத்தில் நம் அரங்கில் கரன்ட் போயிற்று. நாற்பது நிமிடம். நான் சோடிக்கவில்லை, வருகைப் பதிவேட்டைப் பார்க்கலாம். இருட்டில் உட்கார்ந்தே விவாதத்தை முடித்தோம்.

நவம்பர் திரையிடல் மழையால் நின்றது. அந்த அரங்கத்தார் முன்பணத்தைத் திருப்பித் தரவில்லை. கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

டிசம்பரில் 'தி ஏரோநாட்ஸ்'. சண்டை இங்கேதான். 1862 செப்டம்பர் 5 அன்று வானிலை ஆய்வாளர் ஜேம்ஸ் கிளைஷரும் பலூன்காரர் ஹென்றி காக்ஸ்வெலும் உல்வர்ஹாம்ப்டனிலிருந்து நிலக்கரி வாயு நிரப்பிய பலூனில் கிளம்பி 29,000 அடிக்கு மேலே போனார்கள். கிளைஷர் மயங்கிவிட்டார். வால்வுக் கயிறு சிக்கிக்கொண்டது. காக்ஸ்வெல் கூடைக்கு மேலிருந்த வளையத்தில் ஏறிச் சிக்கை எடுத்தார். குளிரில் கை விறைத்துப் போனதால் கயிற்றைப் பல்லால் கடித்து இழுத்து வாயுவை வெளியேற்றினார். படத்தில் காக்ஸ்வெல் இல்லை. அவருக்குப் பதில் அமீலியா ரென் என்ற கற்பனைப் பெண் பலூனின் உச்சிக்கே ஏறுகிறாள்.

"பொம்பளைய வெக்கணும்னு வரலாற்றை மாத்திட்டான்" என்று பின்வரிசையில் ஒரு குரல். உடனே இயற்பியல் டீச்சர் எழுந்தார். சோஃபி பிளான்ஷார் என்ற பெண் நெப்போலியன் காலத்திலேயே பலூன் ஓட்டியவர், 1819இல் பாரிசில் பலூனில் இருந்தபடி வாணம் விட்டபோது தீப்பிடித்து விழுந்து இறந்தவர், பெண்கள் அங்கே இருந்தார்கள், உங்களுக்குத்தான் தெரியவில்லை என்று போட்டார் ஒரு போடு. இரண்டு பக்கமும் கைதட்டல். என் எண்ணத்தையும் பதிவு செய்கிறேன். அமீலியாவைச் சேர்த்ததில் குற்றமில்லை. கிளைஷரின் பெயரை வைத்துக்கொண்டு, அவர் உயிரைப் பல்லால் காப்பாற்றியவரின் பெயரை எடுத்ததுதான் உறுத்துகிறது.

ஜனவரியில் படம் இல்லை, பயணம். மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கு மலை ரயிலில் போனோம். அந்தப் பாதை 1899இல் திறந்தது, ராணியின் காலத்துக்குள்ளேயே வருகிறது. கல்லாறு தாண்டியதும் நடுவில் பல் தண்டவாளம் தொடங்கும். எஞ்சின் பின்னால் இருந்து தள்ளும். நான்கு சிலிண்டர்களில் இரண்டு சாதாரணச் சக்கரங்களுக்கு, இரண்டு பல்சக்கரத்துக்கு. ஏற்றத்தில் முதல் இரண்டில் வேலை செய்த நீராவியே அடுத்த இரண்டுக்கும் போகிறது. 12 அடிக்கு ஓரடி ஏற்றம். இந்த எக்ஸ் வகுப்பு எஞ்சின்களில் சிலவற்றை நம் காலத்தில் புதிதாகச் செய்து கொடுத்தது பொன்மலைப் பட்டறைதான் என்று ஐயா, முன்பின் தெரியாத பயணிகளிடமெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார். தண்ணீர் பிடிக்க நிறுத்திய இடத்தில் இறங்கி, பிஸ்டனைத் தொடாத குறையாகப் பார்த்தார்.

பிப்ரவரியில் ஆண்டின் கடைசிப் படம், ஜப்பானிய இயக்குநர் கட்சுஹிரோ ஓட்டோமோவின் 'ஸ்டீம்பாய்'. அனிமேஷன் என்றதும் சிலர் பேரன் பேத்திகளை மட்டும் அனுப்பிவைத்தார்கள். கதை நடப்பது 1866இல். அதில் 1851இன் பொருட்காட்சி நடக்கிறது, 1859இல் இறந்துபோன ரயில் பொறியாளர் ராபர்ட் ஸ்டீஃபன்சன் உயிரோடு நடமாடுகிறார். வரலாற்று ஆசிரியர்கள் பார்க்கக் கூடாத படம். ஆனால் வால்வு திறப்பதும், மானியின் முள் நடுங்குவதும், மூட்டில் நீராவி கசிவதும், பிஸ்டன் போய் வருவதும் அத்தனையும் காட்டியிருக்கிறார்கள். பத்து வருட வேலை. முடிந்ததும் எல்லோரும் ஐயாவைத்தான் பார்த்தோம். "இவன் ஷெட்டுல உக்காந்து பார்த்திருக்கான்யா" என்றார். வேறெதுவும் சொல்லவில்லை.

மற்றவை சுருக்கமாக. எந்தப் படத்துக்கும் தமிழ்த் துணையுரை கிடைக்கவில்லை. ஒரு பக்கக் கதைச்சுருக்கம் தட்டச்சு செய்து கொடுத்தோம். முக்கியமான இடங்களில் துணைச் செயலாளர் மைக்கில் சொல்லிக்கொண்டு வந்தார். பேசாப்படக் காலத்தில் கொட்டகைகளில் இப்படித்தான் கதை சொல்வார்களாம், ஆனால் அவர்கள் இருமமாட்டார்கள் என்று ஒரு புகார் எழுத்தில் வந்திருக்கிறது. பரிசீலனையில் உள்ளது. புரொஜெக்டர் இரண்டு மணி நேரத்துக்கு மேல் சூடு தாங்கவில்லை. புதிதுக்கு விலைப்புள்ளி வாங்கியாயிற்று.

வரும் ஆண்டில் புரூக்ளின் பாலம் பற்றிக் கென் பர்ன்ஸ் 1981இல் எடுத்த ஆவணப்படமும், கென்யாவில் சாவோ ஆற்றுப் பாலம் கட்டியபோது சிங்கங்கள் தொழிலாளிகளைத் தின்ற கதையான 'தி கோஸ்ட் அண்ட் தி டார்க்னஸ்' படமும் முடிவாகியிருக்கின்றன. இரண்டாவதில் இந்தியத் தொழிலாளிகளும் வருகிறார்கள் என்பதால் அதற்கு ஒரு முழு மாலை வேண்டும் என்று டீச்சர் கேட்டிருக்கிறார். ஒதுக்கியாயிற்று.

அரங்கத்திலிருந்து வீட்டு விசேஷத்துக்கு எடுத்துப்போன மடக்கு நாற்காலிகளில் ஆறு இன்னும் வரவில்லை. எடுத்தவர் யார் என்று எனக்குத் தெரியும். இந்த வாரத்துக்குள் கொண்டுவந்து வைத்துவிட்டால் அடுத்த அறிக்கையில் பெயர் வராது.

இவ்வறிக்கையை ஏற்றுக்கொள்ளுமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

இங்ஙனம்,
செயலாளர்