ஊற்றிய பாலுக்கு உடனே சீட்டு வேண்டும்

ஐயா,

காரைக்குடி பக்கத்துக் கிராமத்தில் இரண்டு மாடு வைத்து, சொசைட்டிக்குப் பால் ஊற்றுகிறேன். விடியற்காலையில் தூக்குவாளியோடு வரிசையில் நின்றாலும், பாலில் கொழுப்பு எவ்வளவு, இதர சத்து எவ்வளவு என்பது பட்டுவாடா நாளில்தான் தெரிகிறது. அதுவும் நோட்டில் பேனாவால் எழுதிய கணக்கு. தீவனம் மாற்றியதில் சத்து குறைந்ததா, எழுதியவர் கை தவறியதா, யாரைக் கேட்பது?

இது புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டிய சங்கதி இல்லை. குஜராத் கூட்டுறவுச் சங்கங்களில் 1990களிலேயே மின்னணுத் தராசையும் கொழுப்பு அளக்கும் கருவியையும் கணினியோடு இணைத்துவிட்டார்கள். எடை, சத்து, விலை மூன்றும் அச்சாகி அப்போதே கைக்கு வந்துவிடும். நம் மாநிலத்திலும் பல சங்கங்களில் இந்த வசதி உண்டு. எங்கள் ஊருக்குத்தான் இன்னும் வழி தெரியவில்லை போலும்!

இன்னொன்று, சொசைட்டியிலிருந்து பாலை எடுத்துப் போக வரும் வண்டி. பாலைச் சீக்கிரம் 4 டிகிரி அளவுக்குக் குளிர்விக்காவிட்டால் கிருமி பெருகிப் புளித்துவிடும். செட்டிநாட்டுச் சித்திரை வெயிலில் அலுமினியக் கேன்கள் ரோட்டோரம் காத்துக் கிடந்தால் கேட்கவே வேண்டாம். கெட்ட பாலுக்கு நட்டம் எங்கள் தலையில். வண்டியில் ஜிபிஎஸ் பொருத்தி, அது வரும் நேரத்தைச் செயலாளரின் செல்போனுக்குத் தெரிவித்தால், கேனை அதற்கேற்ப வெளியே எடுக்கலாம்.

கருவி வாங்கும்போது பேட்டரியும் சேர்த்து வாங்குங்கள். இங்கே கறவை நேரம் பார்த்துத்தான் கரண்டு போகிறது.

– ஒரு பால் உற்பத்தியாளர்,
காரைக்குடி வட்டம்