அலறியவருக்கும் ஒரு ஆஸ்கர் கொடுங்கள்

மதிப்புக்குரிய ஆஸ்கர் அகாடமி நிர்வாகக் குழுவினருக்கு,

வணக்கம். நீங்கள் தரும் கௌரவ ஆஸ்கருக்கு ஒரு பெயரைச் சொல்லத்தான் இந்த மடல். வெரோனிகா கார்ட்ரைட்.

பெயரைச் சொன்னால் பலருக்குச் சட்டென்று பிடிபடாது. விண்கலத்துக்குள் புகுந்த வேற்றுக்கிரக ஜந்து ஒன்று பயணிகளை ஒவ்வொருவராகக் கொல்லும் கதையான, 1979-இல் வந்த 'ஏலியன்' படத்தின் லாம்பர்ட் என்றால், "ஓ, அந்தப் பயந்துகிட்டே இருக்கிற பொண்ணா?" என்பார்கள். ஆமாம், அவரேதான்.

அந்தச் சாப்பாட்டு மேஜைக் காட்சியை நினைத்துப் பாருங்கள். ஜான் ஹர்ட்டின் நெஞ்சைக் கிழித்துக்கொண்டு ஒரு குட்டி ஜந்து வெளியே வரும். ஏதோ நடக்கப்போகிறது என்று நடிகர்களுக்குத் தெரியும். ரத்தம் இவ்வளவு பீய்ச்சி அடிக்கும் என்று தெரியாது. அது நேராக கார்ட்ரைட்டின் முகத்தில் வந்து விழுந்தது. அவர் பதறிப் பின்வாங்கி அலறியது படத்தில் அப்படியே இருக்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் என் கண் ஜந்துவிடம் போவதில்லை, அவரிடம்தான் போகிறது. ஜந்து ஒரு பொம்மை. அதற்கு உயிர் இருக்கிறது என்று என்னை நம்ப வைத்தது அவர் முகம்.

1980-இல் அந்தப் படத்தின் காட்சி விளைவுகளுக்கு ஆஸ்கர் கொடுத்தீர்கள். ஜந்துவை வடிவமைத்த கிகருக்கும், அதன் தலையை அசைய வைத்த ரம்பால்டிக்கும் அது முழுக்கத் தகும். ஆனால் அதைப் பார்த்து அலறியவர் உங்கள் பரிந்துரைப் பட்டியலில்கூட இல்லை. அறிவியல் புனைகதை, திகில் படங்களுக்கென்றே இருக்கும் சாட்டர்ன் விருதுதான் சிறந்த துணை நடிகை என்று அவரை அழைத்தது.

அவர் வாய்ப்புக் கேட்டது கதாநாயகி ரிப்லியின் வேடத்துக்கு. லண்டனில் உடை அளவு கொடுக்கப் போன பிறகுதான் தனக்கு லாம்பர்ட் வேடம் என்றே தெரிந்தது. சதா அழுகிற பாத்திரம் என்று முதலில் மனசு ஒப்பவில்லையாம். பார்க்கிறவர்களின் பயமே லாம்பர்ட்தான் என்று விளக்கியதும் ஒப்புக்கொண்டார். அப்புறம் அவர் செய்ததைப் பாருங்கள். ஜந்து எதிரே நிற்கிறது, தள்ளிப் போ என்று சக பயணி பார்க்கர் கத்துகிறான், லாம்பர்ட்டின் கால் நகரவில்லை. அவர் சாவதைப் படம் முழுதாகக் காட்டுவதுகூட இல்லை. இன்டர்காமில் அந்த மூச்சும் அலறலும் கேட்க, ரிப்லி ஓடுகிறாள். அந்த மூச்சுச் சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது.

1963-இல் 'தி பேர்ட்ஸ்' படத்தில் பறவைகளுக்குப் பயந்த சிறுமியும் இவர்தான். 'எக்ஸ் ஃபைல்ஸ்' தொலைக்காட்சித் தொடருக்காக எம்மி பரிந்துரை இரண்டு முறை வந்தது. இப்போது எழுபதைத் தாண்டிவிட்டார்.

திகில் படம் உங்களுக்குத் தீண்டாப் பொருள் என்று நான் சொல்லவில்லை. 'ரோஸ்மேரிஸ் பேபி'க்காக ரூத் கோர்டனுக்குத் துணை நடிகை விருது கொடுத்தவர்கள் நீங்கள். 2009-இல் குறைந்த செலவில் திகில் படங்களை எடுத்துக் குவித்த ரோஜர் கோர்மனையும், 2016-இல் சண்டைப் படங்களின் ஜாக்கி சானையும் கௌரவித்தீர்கள். ஆனால் அழுது நடித்தால் நடிப்பு என்கிறவர்கள், பயந்து நடித்தால் கத்துவது என்று ஒதுக்கிவிடுகிறார்கள். உடம்பு முழுக்கப் பயத்தைக் கொண்டுவந்து, அதை நம் உடம்புக்கும் கடத்துவது எவ்வளவு கடினம்!

அடுத்த முறை பெயர்களைப் பேச உட்காரும்போது, 1978-இல் வந்த 'இன்வேஷன் ஆஃப் தி பாடி ஸ்னாட்சர்ஸ்' படத்தின் கடைசிக் காட்சியைப் போட்டுப் பாருங்கள். வேற்றுக்கிரக உயிர்கள் மனிதர்களை உணர்ச்சியற்ற நகல்களாக மாற்றிவிடும் கதை அது. உணர்ச்சியைக் காட்டினால் பிடிபடுவோம் என்று முகத்தைக் கல்லாக்கி நடமாடி, தப்பிப் பிழைத்தவள் நான்சி; அந்த வேடத்திலும் கார்ட்ரைட்தான். தெரிந்த முகம் ஒன்றைக் கண்டதும் மெல்லப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறாள். டொனால்ட் சதர்லண்ட் திரும்பி, அவளை நோக்கி விரலை நீட்டி வாயைத் திறக்கிறார். அவரும் நகலாகிவிட்டார். எல்லோரும் சதர்லண்டின் முகத்தைத்தான் நினைவில் வைத்திருக்கிறார்கள். நீங்கள் இந்த முறை நான்சியைப் பாருங்கள்.

அன்புடன்,
ஒரு ரசிகன்